கிஹாச்சிக்கு முகம் கொடுத்தவர்: வாசகர் கேள்விகள்

ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் ஊமைப் படங்களில் அடிக்கடி வரும் அந்த அகன்ற முகக்காரர் யார்?

சகமோட்டோ தகேஷி. 1899இல் ஹியோகோவில் பிறந்து 1974இல் மறைந்தவர். ஷோச்சிக்கு நிறுவனத்தின் கமாத்தா ஸ்டூடியோ நடிகர். நம் வழக்கில் குணச்சித்திர நடிகர் என்போமே, அந்த இனம். 1931இல் வந்த 'டோக்கியோ கோரஸ்' படத்தில் வேலையிலிருந்து தூக்கப்படும் வயதான ஊழியராக நடித்தபோது அவருக்கு முப்பது தாண்டி ஓரிரு வயதுதான். மறு ஆண்டே, 'பிறந்தேன், ஆனால்' படத்தில் ஊழியரைக் கோமாளித்தனம் செய்யவைத்து ரசிக்கும் முதலாளி ஆனார். இரண்டு வேடத்திலும் நம்பும்படி இருக்கிறார்.

சகமோட்டோ ஏற்கும் வேடத்துக்குக் கிஹாச்சி என்ற பெயர் பல படங்களில் வருகிறதே, ஒரே ஆளின் தொடர்கதையா?

இல்லை. பெயரும் நடிகரும் சுபாவமும் ஒன்று, ஆள் வேறு. 1933இல் மதுபான ஆலைத் தொழிலாளி, 1934இல் ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுத் தலைவர், 1935இல் இரு பிள்ளைகளோடு வேலை தேடி அலையும் தகப்பன். அதே 1935இல் வந்த இன்னொரு கிஹாச்சி படத்தின் பிரதி இன்று இல்லை. நினைக்கும்போதெல்லாம் வருத்தமாக இருக்கும்.

ஓசு பிறந்தது டோக்கியோவின் ஃபுகாகவாவில். கையில் காசு தங்காத, மனசு இளகிய இப்படிப்பட்ட மனிதர்களை அங்கே பார்த்து வளர்ந்தவர். 1933 படமான 'தெகிகோகோரோ'வில் ஒரு காட்சி. எழுதப் படிக்கத் தெரியாத அப்பனின் மகன் என்று மற்றப் பிள்ளைகள் கேலி செய்ய, பையன் வீட்டுக்கு வந்து அப்பா ஆசையாய் வளர்த்த தொட்டிச்செடியின் இலைகளைப் பிய்த்துப் போடுகிறான். கிஹாச்சி அடிக்கிறார். பையன் அழுதுகொண்டே திருப்பி அடிக்கிறான், மறுபடி மறுபடி. அவர் தடுக்கவே இல்லை. வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். தன் மீதே வந்த வெட்கம் அந்தத் தோள்களில் மெல்ல இறங்குவதைப் பாருங்கள். வசனம் இருந்திருந்தால் கெட்டிருக்கும்.

அந்தப் பையன்?

அயோகி தோமியோ. 1929இல் ஓசு மூன்றே நாளில் எடுத்த 'தொக்கன் கொஸோ' என்ற குறும்படத்தில் நடித்தான்; படத்தின் பெயரே அவனுக்கு மேடைப்பெயராகிவிட்டது. 'முட்டி மோதும் பொடியன்' என்று பொருள் கொள்ளலாம். அதில் அவனைக் கடத்திவிட்டுப் படாத பாடு படும் கும்பலின் தலைவர் வேறு யாருமில்லை, சகமோட்டோதான்! முதுமையிலும் நடித்துக்கொண்டிருந்த அயோகி 2004இல் காலமானார்.

ஜப்பானில் 1931லேயே பேசும் படம் வந்துவிட்டதே, ஓசு ஏன் 1936 வரை ஊமைப் படம் எடுத்தார்?

தன் ஒளிப்பதிவாளர் மொஹரா ஹிதேயோ உருவாக்கிவந்த ஒலிப்பதிவு முறைக்காகக் காத்திருந்தார். 1936இல் வந்த 'ஒரே மகன்'தான் அவருடைய முதல் பேசும் கதைப்படம்.

கிஹாச்சி படங்களில் முதலில் எதைப் பார்க்கலாம்?

பலர் 1934இன் 'மிதக்கும் களைகளின் கதை'யைச் சொல்வார்கள். 1959இல் ஓசுவே அதை வண்ணத்தில் மறுபடி எடுத்தார் என்பது ஒரு காரணம். என் தேர்வு, 1935இல் வந்த, வேலை தேடும் தகப்பனின் கதையான 'டோக்கியோவில் ஒரு விடுதி'. தெருநாயைப் பிடித்துக் கொடுத்தால் 40 சென் (நூறு சென் ஒரு யென்) கிடைக்கும். அதை நம்பி வயிறு கழுவுகிறது அந்தக் குடும்பம். பசியோடு வெட்டவெளியில் உட்கார்ந்து மூவரும் சாப்பிடுவதாகப் பாவனை செய்கிறார்கள். மகன் ஊற்றிக்கொடுக்கும் இல்லாத சாராயத்தைச் சகமோட்டோ ரசித்துக் குடிக்கிறார். அந்தச் சிரிப்புக்காகவே படத்தை நாலைந்து முறை பார்த்திருக்கிறேன்.

போருக்குப் பிறகு கிஹாச்சி வரவே இல்லையா?

வந்தார், ஒரே ஒரு முறை. 1947இல் ஓசு எடுத்த குடியிருப்புக் கதையில், அப்பாவைப் பிரிந்து தனியே நிற்கும் பையனை வீட்டில் ஏற்றுக்கொள்ளும் கிழவியின் அண்டைவீட்டுக்காரர். கிழவியாக நடித்தவர் இய்தா சோகோ, 1933 படத்தில் கிஹாச்சி சாப்பிடப் போகும் கடையின் சொந்தக்காரி.