உலகக் கண்காட்சி முடிந்த பிறகு ஊருக்கு என்ன மிச்சம்? கேள்வி பதில்

கேள்வி (தெம்பனிஸ்): நம்ம சிங்கப்பூர் எக்ஸ்போவும் உலகக் கண்காட்சிக்காகக் கட்டியதுதானே அண்ணா?

பதில்: இல்லை தம்பி. அது 1999இல் திறந்த மாநாட்டுக் கூடம். பல நாடுகள் கூடிச் சில மாதம் நடத்தும் உலகக் கண்காட்சி இங்கே நடந்ததே இல்லை.

கேள்வி (ஈசூன்): சில மாதக் கூத்துக்கு அவ்வளவு செலவா? ஐஃபெல் கோபுரம் தவிர என்ன நிலைத்தது?

பதில்: அந்தக் கோபுரமே நிலைத்திருக்க வேண்டியதில்லை. 1889 பாரிஸ் கண்காட்சிக்குக் கட்டியபோது 20 ஆண்டுகளுக்குத்தான் அனுமதி. கம்பியில்லாத் தந்திக்கு உதவியதால் தப்பியது. என்னைக் கேட்டால் லண்டன்காரர்கள்தான் கெட்டிக்காரர்கள். 1851 கண்காட்சியின் கண்ணாடி மாளிகையை வேறிடத்துக்கு மாற்றினார்கள், 1936இல் அது எரிந்தே போனது. ஆனால் லாபம் சுமார் 1,86,000 பவுண்டு இருந்ததே! அதை வைத்து தென் கென்சிங்டனில் நிலம் வாங்கிப் போட்டார்கள். இன்று விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகம், அறிவியல் அருங்காட்சியகம், இம்பீரியல் கல்லூரி எல்லாம் நிற்பது அங்கேதான். மிச்சப் பணத்தில் ஆய்வு உதவித்தொகை இன்றும் தருகிறார்கள். நியூசிலாந்து விஞ்ஞானி ரூதர்ஃபோர்டு கேம்பிரிட்ஜுக்குப் படிக்கப் போனது அதில்தான்.

கேள்வி (பீஷான்): எங்கள் பக்கத்து ஸ்கை ஹேபிடாட் அடுக்குமாடிக் குடியிருப்புக்கும் கனடாவின் மான்ட்ரியலுக்கும் என்ன உறவு?

பதில்: சொந்த அண்ணன் தம்பி உறவு! கட்டடக் கலைஞர் மோஷே சஃப்டி மாணவராக இருந்தபோது எழுதிய ஆய்வுதான் 1967 மான்ட்ரியல் கண்காட்சியில் ஹேபிடாட் 67 என்ற குடியிருப்பானது. 354 கான்கிரீட் பெட்டிகளை அடுக்கி, ஒரு வீட்டுக் கூரையை இன்னொரு வீட்டின் தோட்டமாக்கினார். செலவு எகிறியதால் திட்டமிட்ட பெரிய குடியிருப்பு சுருங்கிப் போனது. மரினா பே சேண்ட்ஸ், சாங்கி விமான நிலைய ஜுவல், உங்கள் ஊர்க் கட்டடம் எல்லாம் அவர் கைவண்ணமே. கீழே நின்று அண்ணாந்து பாருங்கள்: இரண்டு கோபுரங்களும் படிக்கட்டு போலச் சரிந்து ஏறும், நடுவில் மூன்று பாலங்கள். அப்புறம், மான்ட்ரியல் கண்காட்சிக்காக ஆற்றில் எழுப்பிய தீவில்தான் இப்போது கனடா ஃபார்முலா ஒன் பந்தயம்.

கேள்வி (ஜூரோங்): நஷ்டப்பட்ட ஊர்?

பதில்: நியூ ஆர்லியன்ஸ், 1984. நடந்துகொண்டிருக்கும்போதே திவால். லிஸ்பன் 1998 வேறு கதை. பழைய எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை கிடந்த ஆற்றங்கரையைச் சுத்தம் செய்தார்கள், மெட்ரோ கொண்டுவந்தார்கள். நுழைவாயில் கட்டடம் பேரங்காடியானது, சுற்றிலும் குடியிருப்புகள் வந்தன. மூடுவிழாவுக்கு மறுநாளை முதலிலேயே யோசித்த ஊர் அது.

கேள்வி (தோ பாயோ): அப்படியானால் நாமும் நடத்தலாமே?

பதில்: ஷங்ஹாய் 2010க்கு 5 சதுர கிலோமீட்டருக்கு மேல் ஒதுக்கினார்கள். இங்கே அவ்வளவு காலி நிலம் கண்ணில் பட்டால் வீடு கட்டித் தரும் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) சும்மா விடுமா?