பழைய காட்சிகளைப் படத்தில் சேர்ப்பது: தொகுப்பாளர் பதில்கள்

கோலாலம்பூரில் ஆவணப்படங்கள் தொகுப்பதே என் தொழில். வந்த கேள்விகளில் சில இங்கே.

செந்தூல் வாசகி: யூடியூப்பில் கிடைக்கும் 1957 மெர்டேக்கா (மலாயா சுதந்திரம்) காட்சிகளை எடுத்துக்கொள்ளலாமா, ஐயா? ஐம்பது ஆண்டுகள் கடந்துவிட்டனவே.

மலேசியாவின் 1987 பதிப்புரிமைச் சட்டப்படி, படம் வெளியான ஆண்டுக்கு மறு ஆண்டிலிருந்து 50 ஆண்டுகள்தான் காப்பு. உங்கள் கணக்கு உள்ளூருக்குச் சரி. பிரிட்டனில் கணக்கு வேறு. படத்தை அங்கே திரையிட்டால் அந்த ஊர்ச் சட்டம் பேசும். பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014இல் சுமார் 85,000 செய்திப்படங்களை யூடியூப்பில் ஏற்றியது பார்ப்பதற்காக; படத்தில் சேர்க்க உரிமம் வாங்க வேண்டும். பின்னணி இசையின் உரிமை வேறொருவரிடம் இருக்கலாம்.

கிள்ளான் மாணவர்: எங்கே தேடுவது, அண்ணா?

முன்பு ஜாலான் டூத்தா என்றிருந்த ஜாலான் துவாங்கு அப்துல் ஹலிமில் தேசிய ஆவணக் காப்பகம், உலு கிளாங்கில் பினாஸ் எனும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம். 1946இல் தொடங்கிய மலாயன் பிலிம் யூனிட்தான் பின்னாளில் பிலிம் நெகாரா ஆகிப் பினாஸுடன் இணைந்தது. மலேசியா உருவான 1963க்கு முந்தியவற்றை ‘மலாயா’ என்று தேடுங்கள்.

பட்டர்வொர்த் வாசகர்: சயாம் மரண ரயில் பற்றிப் படம் எடுக்கிறேன். நம் தொழிலாளர்களின் காட்சி அகப்படவில்லை. பழைய தோட்டக் காட்சிகளை வைத்து ஒப்பேற்றலாமா?

வேண்டாம். சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே அந்த 415 கிலோமீட்டர் பாதை ஜப்பானியரால் 1942, 43இல் போடப்பட்டது. தோட்டத்தில் ரப்பர் பால்வெட்டும் காட்சியின் மேல் மரண ரயில் வர்ணனையை ஓட்டினால், பார்ப்பவர் அந்த முகங்களையே செத்தவர்களின் முகங்களாக நினைப்பார். அது பொய். வர்ணனையில் ஒரு சொல் தவறாக இல்லாவிட்டாலும் பொய்தான். பிழைத்து வந்தவர்களின் குரல் இருந்தால் தாய்லாந்தில் அந்த ரயில் ஓடிய இன்றைய காஞ்சனபுரிப் பாதையின் மேல் ஓடவிடுங்கள். இல்லையென்றால் திரையைக் கறுப்பாகவே விடுங்கள். காட்சி இல்லை என்பதும் வரலாறுதான்.

தோட்டக் காட்சிகளைத் தோட்டக் கதைக்கு வையுங்கள். அங்கும் ஊரையும் ஆண்டையும் எழுதிப் போடுங்கள். அவற்றில் பல 1948இல் கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலம் தொடங்கிய பிறகு அரசின் பிரச்சாரத்துக்காக எடுத்தவை. தொழிலாளர் வீட்டு வரிசையான லயத்து வாசலில் எல்லாரும் சிரிக்கிறார்கள் என்றால், எதிரே கேமரா வைத்திருந்தவர் யார் என்று வர்ணனை சொல்ல வேண்டும். நம் தொலைக்காட்சிகள் இதைச் சொல்வதே இல்லை. எனக்கு இதில் தீராத எரிச்சல்.

பிரிக்பீல்ட்ஸ் வாசகர்: பழைய படத்தை அகலத்திரைக்கு விரிக்கலாமா?

இழுத்தால் ஆள் குண்டாவார். வெட்டினால் கால் பங்கு படம் போய்விடும். இருபுறமும் கறுப்பாக விடுங்கள். மௌனப்பட மனிதர்கள் விறுவிறுவென்று ஓடினால் வேகத்தைக் குறையுங்கள். பலவற்றை நொடிக்கு 16, 18 படச் சட்டங்களில் எடுத்தார்கள், இப்போது ஓடுவது 24 அல்லது 25.

பினாங்கு வாசகி: எண்பதுகளின் தண்ணீர்மலைத் தைப்பூசம் மாமாவின் விஎச்எஸ் நாடாவில் இருக்கிறது. பயன்படுமா?

மிக நன்றாகவே பயன்படும். ஆனால் நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சை தெரிந்தால் ஓட்டிப் பார்க்காதீர்கள். நாடா கிழியும், கருவியும் கெடும். சுத்தம் செய்து கணினிக்கு மாற்றித் தருபவரிடம் கொடுங்கள். 2016க்குப் பிறகு புதிய விஎச்எஸ் கருவி தயாராவதில்லை, ஆகவே தள்ளிப்போட வேண்டாம். மாமாவிடம் எழுத்தில் அனுமதியும் வாங்கிவிடுங்கள்.