ராக்செட்: எந்த ஆல்பத்தில் தொடங்கலாம்?

ஸ்வீடனின் பாப்-ராக் இரட்டையர் குழுவான ராக்செட்டின் தொகுப்பு ஆல்பம் வாங்கினேன், பாதிக்கு மேல் சோகப் பாட்டாகவே இருக்கிறது, ராக் எங்கே என்று கேட்டிருக்கிறீர்கள். அதை ஓரமாக வையுங்கள் நண்பரே. 1988இல் வந்த 'லுக் ஷார்ப்!' ஆல்பத்தை எடுங்கள். 'த லுக்' பாட்டின் தொடக்க கிட்டாருக்கே, குழுவின் பாடகர் பெர் கெஸ்லே வாய் திறக்கும் முன்பே, கால் தானாகத் தாளம் போடும். ஸ்வீடனில் படித்துவிட்டு ஊர் திரும்பிய ஓர் அமெரிக்க மாணவர் மினியாபொலிஸ் வானொலிக்கு இந்த ஆல்பத்தைக் கொண்டுபோய்க் கொடுத்ததில்தான் எல்லாம் ஆரம்பித்தது, 1989இல் அந்தப் பாட்டு அமெரிக்காவில் முதலிடம்! அப்புறம் 'ஜாய்ரைட்' (1991), 'டூரிசம்' (1992). 'டூரிசம்' ஆல்பத்தில் சில பாட்டுகளைச் சுற்றுப்பயணத்தில் ஓட்டல் அறையிலேயே பதிவு செய்தார்கள், அந்தத் துடிப்பு கேட்கும்போதே தெரியும். 2002இல் மூளைக்கட்டி கண்டறியப்பட்ட பிறகும் குழுவின் பாடகி மாரி பிரெட்ரிக்சன் மேடைக்குத் திரும்பினார். 2011இல் வந்த 'சார்ம் ஸ்கூல்' ஆல்பத்தை அவர் குரலுக்காகவே கேளுங்கள்.