தவணைக்குப் போகாமல் தள்ளுபடியான வழக்கு

கேள்வி: கொடுத்த கடனை மீட்க அப்பா கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருந்தார். விளக்கத் தவணையன்று, அதாவது வழக்கை விசாரிக்கக் குறித்த நாளில், அவர் ஆஸ்பத்திரியில் இருந்தார், சட்டத்தரணியும் போகவில்லை. வழக்கு தள்ளுபடியாகி இரண்டு மாதமாகிறது. 14 நாள் கடந்துவிட்டதால் இனி வழியில்லை என்கிறார்கள். புதிதாக வழக்குப் போடலாமா?
- வாசகர், வெள்ளவத்தை

பதில்: புதிதாகப் போட முடியாது. வழக்காளி வராமல் தள்ளுபடியான வழக்கை அதே காரணத்தின் மேல் மறுபடி தொடுப்பதைக் குடியியல் நடைமுறைச் சட்டக்கோவையின் 87ஆம் பிரிவு தடுக்கிறது. ஆனால் வழி அடைபடவில்லை. அந்த 14 நாள், ஒருதலை விளக்கத்தில் (எதிராளி வராமல் நடந்த விசாரணையில்) தோற்ற எதிராளிக்கு 86ஆம் பிரிவு தரும் காலம். பலரும் இரண்டையும் குழப்பிக்கொண்டு வீணாக மனம் தளர்ந்துவிடுகிறார்கள். வழக்காளிக்குச் சட்டம் தருவது ‘நியாயமான காலம்’. அதற்குள் அதே வழக்கு இலக்கத்தில், தள்ளுபடியை நீக்கும்படி மனுவும் சத்தியக்கடதாசியும் கொடுக்கலாம். இரண்டு மாதம் ஏன் சென்றது என்பதையும் அதில் விளக்கியே ஆகவேண்டும்.

முதலில் புதுக்கடை நீதிமன்றத்துக்குப் போய், அன்றைய வழக்கேட்டுப் பதிவின் அத்தாட்சிப்படுத்திய பிரதியை எடுங்கள். 87ஆம் பிரிவு பேசுவது விளக்கத்துக்குக் குறித்த நாளைப் பற்றி. அன்று வழக்கு விசாரணைக்கல்லாமல் வெறும் அழைப்புக்குத்தான் இருந்ததென்றால், அதுவே உங்களுக்குப் பலமான வாதம்.

வேறு சட்டத்தரணியிடம் போவதானால் பழைய சட்டத்தரணிக்கு அப்பா கொடுத்த அதிகாரப் பத்திரமான புரொக்சியை நீதிமன்ற அனுமதியோடு முதலில் இரத்துச் செய்யுங்கள். அது ஏட்டில் இருக்கும்போதே புதியவர் மனுப் போட்டால், நல்ல காரணம் இருந்தும் மனு அந்த ஆட்சேபனையிலேயே விழலாம்.

சத்தியக்கடதாசியில் அவரவர் நேரில் அறிந்ததையே சொல்லலாம். ஆஸ்பத்திரி விடயத்தை அப்பா சொல்ல வேண்டும், சட்டத்தரணி ஏன் வரவில்லை என்பதை அவரே தனியாகச் சொல்ல வேண்டும். நாட்குறிப்பில் திகதி பிழையாக எழுதப்பட்டிருந்தால் அந்தப் பக்கத்தையும் இணைக்கட்டும். ‘சுகமில்லை’ என்ற ஒரு வரி போதாது: அனுமதித்த நாள், வீடு திரும்பிய நாள், மருத்துவப் பதிவு எல்லாம் வேண்டும். எதிராளிக்கு அறிவித்தல் போகும், அவருடைய சட்டத்தரணி விசாரணையில் இவற்றைத்தான் துருவுவார். காரணம் நியாயமானதென்று கண்டால் நீதிமன்றம் தள்ளுபடியை நீக்கும். எதிராளிக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லவும் கூடும்.

தள்ளுபடிக்கு எதிராக நேரே மேன்முறையீடு செய்ய 88ஆம் பிரிவு இடம்தராது. இந்த மனு மறுக்கப்பட்டால்தான் மேன்முறையீடு. அப்போது மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு 14 நாள், மேன்முறையீட்டு மனுவுக்குக் கட்டளைத் திகதியிலிருந்து 60 நாள்.

கேள்வி: என் வழக்கு நெடுநாளாகக் கூப்பிடப்படவே இல்லை. அப்படியே விடலாமா?
- வாசகர், கொட்டாஞ்சேனை

பதில்: விடாதீர்கள். நீங்கள் எடுக்கவேண்டிய நடவடிக்கை ஒன்றை எடுக்காமல், கடைசிக் கட்டளையிலிருந்து 12 மாதம் போனால், 402ஆம் பிரிவின்படி வழக்கு அற்றுப்போனதாக நீதிமன்றம் கட்டளையிடலாம். அதன்பின் புது வழக்குக்கும் இடமில்லை. ஏட்டைப் பார்த்து, கடைசிக் கட்டளை என்ன, எதிராளிக்கு அனுப்பிய அறிவித்தல் திரும்பி வந்திருக்கிறதா என்று அறிந்து, சரியான விலாசத்தோடு ஒரு பிரேரணை போடச் சொல்லுங்கள்.