முப்பதாவது பயணத்துக்குப் போகாதவர்

கேள்வி:

வணக்கம் அம்மா. இங்கிலாந்தின் லிங்கன் நகரில் ஒரு முதியோர் இல்லத்தில் செவிலியாக இருக்கிறேன். என் பொறுப்பில் உள்ள தாத்தா ஒருவருக்கு வயது 101, மறதி நோய். 1944-இல் லங்காஸ்டர் குண்டுவீச்சு விமானத்தில் வால்பக்கத் துப்பாக்கி வீரராக இருந்தவர். முப்பது தாக்குதலுக்குப் பறந்தால் ஒரு சுற்று முடியும். இவர் 29 முடித்துவிட்டார். கடைசிப் பயணத்தன்று சளியால் காது அடைத்திருக்க, தளத்து மருத்துவர் தடுத்துவிட்டார். மாற்று ஆளோடு கிளம்பிய விமானம் திரும்பவே இல்லை என்று அவர் மகள் சொன்னார்.

தினமும் இருட்டும் நேரத்தில் காலுறைமேல் காலுறையாக மாட்டிக்கொண்டு ஜன்னலையே வெறித்துப் பார்க்கிறார். "பசங்க வந்துட்டாங்களா?" என்று கேட்கிறார். ஒருநாள், "அவர்கள் போய் எண்பது வருஷம் ஆகிவிட்டது, நீங்கள் அதிர்ஷ்டசாலி" என்று சொல்லிவிட்டேன். இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. வந்துவிட்டார்கள் என்று பொய் சொல்லிவிடலாமா?

– வாசகி, லிங்கன்

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

'அதிர்ஷ்டசாலி' என்ற சொல்லை இனி அவர் காதில் போடாதீர்கள். அவர் இருந்த பிரிட்டிஷ் குண்டுவீச்சுப் படையான பாம்பர் கமாண்டில் பறக்க மறுத்தவர்களுக்கு 'மன உறுதி இல்லாதவன்' என்று முத்திரை குத்திப் பதவியைப் பறித்தார்கள். கடைசிப் பயணத்தன்று உடம்புக்கு முடியாமல் போனவன், நடிக்கிறான் என்று யாராவது நினைத்திருப்பார்களோ என்று ஆயுள் முழுக்கக் குமைவான். பறந்த ஏறத்தாழ 1,25,000 பேரில் 55,573 பேர் மாண்டார்கள். அந்தக் கணக்கில், தான் மிஞ்சியதை அதிர்ஷ்டம் என்று அவரால் சொல்லிக்கொள்ள முடியாது. தன் இருக்கையில் இன்னொருவன் உட்கார்ந்து போனான் என்பதுதான் அவர் மனதில் நிற்கிறது.

பொய்யும் வேண்டாம். "வந்துவிட்டார்கள்" என்றால் "எங்கே?" என்று எழுந்து கதவைத் தேடுவார், இரவில் விழுந்து இடுப்பு எலும்பு முறியும். இறந்த செய்தியை மாலையில் சொல்வதும் கூடாது. அவருக்கு ஒவ்வொரு முறையும் அது புதுச் சாவுச் செய்தி. "அவங்களுக்காகத்தான் காத்திருக்கீங்களா? யார் யார் போயிருக்காங்க?" என்று கேட்டு, பக்கத்தில் உட்காருங்கள். விமானி, அவருக்கு வலப்புறம் இன்ஜினியர், மூக்குப்பகுதியில் குண்டு வீசுபவர், திரைக்குப் பின்னால் வழிகாட்டி, அடுத்து வானொலிக்காரர், முதுகுக் கூண்டில் இன்னொரு துப்பாக்கி வீரர். ஆறு பெயரையும் அவரே சொல்லட்டும். அவசரப்படுத்தாதீர்கள். சொல்லி முடிக்கும்போது பெரும்பாலும் மூச்சு சீராகியிருக்கும். அப்போது சூடாகத் தேநீர் கொடுங்கள்.

அந்தக் காலுறைகளைப் பிடுங்காதீர்கள். வால் கூண்டில் குளிர் சில இரவுகளில் மைனஸ் 40 வரை போகும். மின்சாரத்தால் சூடாகும் உடை இருந்தும், தெளிவாகப் பார்க்கவேண்டும் என்று முன்கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பனிக்காற்றில் உட்கார்ந்தவர்கள் அவர்கள். இரண்டு ஜோடி போதும். வெளியே இருப்பது வழுக்காத அடிப்பாகம் உள்ளதாக இருக்கட்டும். மேல்விளிம்பு இறுகிக் கால் வீங்குகிறதா என்று பாருங்கள்.

நாற்காலியைத் திருப்பிப் போடுங்கள். வால் வீரர் மற்ற ஆறு பேருக்கும் முதுகைக் காட்டி, எட்டு ஒன்பது மணி நேரம் இருட்டை மட்டுமே பார்த்தவர். அசையும் நிழல் எல்லாம் அவருக்கு எதிரி விமானம். இருண்ட ஜன்னலில் தன் முகமே அசைந்தாலும் பதறுவார். குளிர்காலத்தில் மூன்றரைக்கே விளக்கைப் போட்டுத் திரையை இழுத்து, அறையில் ஆட்கள் நடமாடும் பக்கம் பார்த்து உட்கார வையுங்கள். பின்னாலிருந்து தொடாதீர்கள்.

இன்னொன்று, காது. மெழுகு அடைத்திருக்கிறதா என்று மருத்துவரைப் பார்க்கச் சொல்லுங்கள். காது அடைப்பே அவரை அந்த நாளுக்கு இழுத்துப் போகலாம். குழப்பம் திடீரென்று கூடினால் சிறுநீர்த் தொற்று, மலச்சிக்கல், தண்ணீர் குறைவு மூன்றையும் முதலில் பாருங்கள்.

காலையில் தெளிவாக இருக்கும்போது அவரே நேராகக் கேட்டால், கையைப் பிடித்துக்கொண்டு உண்மையை ஒரே வரியில் சொல்லுங்கள். "நான் இருந்திருந்தா பார்த்திருப்பேன்" என்பார். ஒரு விஷயம் சொல்ல இருக்கிறது: 1943 பிற்பகுதியிலிருந்து ஜெர்மன் இரவுப் போர்விமானங்கள் மேல்நோக்கிச் சுடும் பீரங்கிகளோடு அடியில் வந்து தாக்கின. பெரும்பாலான லங்காஸ்டர்களின் வயிற்றுப் பக்கம் துப்பாக்கியே கிடையாது. எவ்வளவு கூரிய கண்ணுக்கும் வால் கூண்டிலிருந்து அந்த இடம் தெரியாது. அவருடைய விமானம் அப்படித்தான் விழுந்தது என்று மட்டும் சொல்லாதீர்கள். அது நமக்குத் தெரியாது.

உங்கள் ஊரிலேயே கான்விக் குன்றில் சர்வதேச பாம்பர் கமாண்ட் மையம் இருக்கிறது. லங்காஸ்டரின் இறக்கை அகலமான 31 மீட்டர் உயரத்துக்கு ஒரு கூர்தூண். சுற்றிலும் துருநிற எஃகுச் சுவர்களில் ஏறத்தாழ 58,000 பெயர்கள் வெட்டப்பட்டிருக்கின்றன. மகளிடம் பேசி, அந்த ஆறு பெயரோடு மாற்று ஆளின் பெயரும் எந்தச் சுவரில் இருக்கிறது என்று முன்கூட்டியே கண்டுபிடித்து வையுங்கள். சக்கர நாற்காலியில் காலை பதினொரு மணிக்குள் கூட்டிப்போங்கள். விரலால் தடவிப் பார்க்கட்டும். குன்றில் காற்று அதிகம், காதை மூடிவிடுங்கள். மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடுங்கள்.