தேங்காயும் மாசியும் எந்தப் பக்கத்தில்?

மதிப்பிற்குரிய ஐயா,

எங்கள் பாடசாலை மலருக்காக, மாணவர்கள் லயங்களில் (தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில்) உள்ள பெரியவர்களிடம் கேட்டு எழுதிவந்தவற்றை ‘நகைச்சுவைத் துணுக்குகள்’, ‘நினைவில் நிற்கும் வாசகங்கள்’ என்று இரண்டு பக்கங்களாகப் பிரிக்கிறோம். ‘தேயிலைத் தூரில் தேங்காயும் மாசியும்’ (தேயிலைச் செடியின் அடியில் தேங்காயும் மாசிக் கருவாடும் கிடைக்கும்) என்பதைக் கேட்டு எல்லோரும் சிரிப்பதால் அது துணுக்குதான் என்கிறார் உடன் பணிபுரியும் ஆசிரியர். எனக்கு மனம் ஒப்பவில்லை. எதைக் கொண்டு பிரிப்பது?

ஓர் ஆசிரியை, பண்டாரவளை

அன்புள்ள ஆசிரியைக்கு,

சிரிப்பு வருகிறதா என்று பார்த்துப் பிரித்தால் இந்த வேலை சரியாக அமையாது. உரைநடையின் வகைகளைச் சொல்லும் தொல்காப்பியச் செய்யுளியல், ‘பொருளொடு புணர்ந்த நகைமொழி’யையும் அவற்றுள் ஒன்றாக வைக்கிறது. ஆகவே சிரிக்க வைப்பதால் ஒரு வாசகத்தின் தகுதி குறைந்துவிடாது.

கேட்பவருக்கு அது முன்பே தெரிந்திருந்தால் என்ன ஆகிறது என்பதையே நான் பார்ப்பேன். துணுக்கின் உயிர் அதன் கடைசித் திருப்பத்தில் இருப்பதால், அதை அறிந்தவரிடம் மறுபடி சொன்னால் அவர் நம் முகத்துக்காகத்தான் சிரிப்பார். வாசகமோ இருவருக்கும் தெரியும் என்ற நம்பிக்கையிலேயே சொல்லப்படுகிறது. பரிசளிப்பு விழாவில் ஒருவர் ‘கற்க கசடற’ என்று தொடங்கினால் மீதியைச் சபையே மனத்துக்குள் முடித்துக்கொள்கிறது.

உங்கள் வாக்கியத்தை இப்படிப் பாருங்கள். 1867இல் இலங்கையின் கண்டிப் பகுதியில் உள்ள லூல்கந்துரைத் தோட்டத்தில் தேயிலை வர்த்தகப் பயிராகத் தொடங்கியது. தேயிலையைச் சொல்லும் இவ்வாக்கியம் அதற்குப் பிந்தியதாகவே இருக்க வேண்டும். தமிழகத்துக் கிராமங்களில் இலங்கைத் தோட்டங்களுக்கு ஆள் சேர்த்தவர்கள் இதைச் சொன்னபோது இது துணுக்குமல்ல, மேற்கோளுமல்ல. பசித்தவர்களுக்கு முன் வைக்கப்பட்ட ஆசை வார்த்தை. வந்து பார்த்து ஏமாந்தவர்கள் அதையே தங்களுக்குள் திருப்பிச் சொல்லத் தொடங்கியபோதுதான் எள்ளல் அதில் ஏறியது. பொன்னும் மணியும் கிடைக்கும் என்று சொல்லியிருந்தால் இவ்வளவு காலம் நின்றிருக்காது என்பது என் எண்ணம். ஒரு சம்பலுக்கு வேண்டிய தேங்காயும் மாசியும்கூடப் பெருஞ்செல்வமாகத் தோன்றிய வறுமை அதில் பதிந்திருக்கிறது. ‘தேயிலை’, ‘தேங்காய்’ என்ற மோனையும் நாவில் நிற்கத் துணை செய்கிறது. சம்பளப் பேச்சுவார்த்தைக் காலத்தில் ஒருவர் ‘தேங்காயும் மாசியும்’ என்று மட்டும் சொன்னாலே முழுப்பொருளும் விளங்கிவிடும். துணுக்கை அப்படிப் பாதியில் வெட்டிச் சொல்ல முடியாது.

இன்னொரு சோதனையும் உண்டு. துணுக்கை விளக்கினால் சிரிப்பு போய்விடும். இவ்வாக்கியத்தின் வரலாற்றை உங்கள் மாணவருக்கு விளக்கினால், முதலில் சிரித்த பிள்ளை அடுத்த முறை சற்று நிதானித்துச் சொல்லும்.

எனவே இதை வாசகங்களின் பக்கத்தில் இரண்டு வரி வரலாற்றுக் குறிப்புடன் சேருங்கள். எந்தத் தலைவரின் பெயரையும் அதன் கீழ் இட வேண்டாம். நல்ல வாசகத்துக்கு யாராவது பெரியவரின் பெயரைச் சூட்டிவிடும் வழக்கம் நம்மிடம் மிகுதி, இதுவோ பெயர் தெரியாத பலரின் வாயில் உருவானது. தோட்டங்களை நடத்திய வெள்ளைக்காரத் துரைமார் பேசிய தமிழைப் பற்றிய கதைகளைத் துணுக்குப் பக்கத்தில் விளக்கமின்றி அப்படியே விடலாம். ‘தூரில்’ என்று சிலரும் ‘அடியில்’ என்று சிலரும் சொல்லியிருந்தால் இரண்டு வடிவங்களையும், எந்தச் சந்தர்ப்பத்தில் சொன்னார்கள் என்பதோடு பதிவுசெய்யுங்கள்.