இணைநிலா எந்தப் பருவத்தில் வரும்? – கடிதமும் பதிலும்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

உங்கள் நாவலில் தீவுக்காரர்கள் கொண்டாடும் இணைநிலாத் திருவிழா பற்றி இரண்டு சந்தேகங்கள். மூன்றாம் அத்தியாயத்தில் கொட்டும் மழையில் நடக்கும் விழா, எட்டாம் அத்தியாயத்தில் சுட்டெரிக்கும் கோடையில் வருகிறது. திருவிழா என்றால் அதற்கென்று ஒரு பருவம் வேண்டாமா? அப்புறம், விழா இரவில் பெரிய முழுநிலா கிழக்கே எழும்போது சின்ன முழுநிலா மேற்கே இறங்குகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படி நடக்குமா?

அன்புடன்,
ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். அதில்தான் நான் மாட்டிக்கொண்டேன். நடக்காது. முழுநிலா என்றாலே அது சூரியனுக்கு நேர் எதிரே நிற்கிறது என்று அர்த்தம். இரண்டும் முழுநிலா என்றால் இரண்டும் வானத்தில் ஒரே பக்கம்தான் இருந்தாக வேண்டும். எழுதும்போது காட்சியின் அழகில் கணக்கைக் கோட்டைவிட்டேன். அடுத்த பதிப்பில் திருத்துகிறேன்.

திருத்திப் பார்த்தால் காட்சி இன்னும் நன்றாகவே இருக்கிறது. பெரிய நிலா அருகில் இருப்பது, வேகமாகச் சுற்றுவது. அது பின்னாலிருந்து வந்து சின்னதை எட்டிப் பிடித்து முந்திப் போகும். நம் சந்திரனின் பாதை சுமார் 5 பாகை சாய்ந்திருப்பதால்தான் பௌர்ணமிதோறும் கிரகணம் வருவதில்லை. அதுபோல அங்கேயும் சின்ன நிலா ஒரு விழாவில் பெரியதற்கு மேலே ஒதுங்கும், இன்னொன்றில் கீழே. எப்போதாவது ஒருமுறை பின்னால் போய் மறையும். தீவுக் கிழவிகள் இதை வைத்துக் குறி சொல்லாமலா இருப்பார்கள்!

பருவ விஷயத்தில் மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன். பெரிய நிலா 30 நாளுக்கு ஒருமுறை நிறைகிறது, சின்னது 42 நாளுக்கு ஒருமுறை. (முழு எண்ணாக வைத்தது என் சோம்பல். நம் சந்திரனுக்கே 29.53 நாள்.) இரண்டும் ஒரே இரவில் நிறைவது 210 நாளுக்கு ஒருமுறை. அங்கே வருடத்துக்கு 360 நாள். ஆக மழையில் வந்த விழா அடுத்த தடவை மழையில் வராது. 7 வருடத்தில் 12 விழாக்கள் கடந்த பிறகுதான் பழைய தேதிக்குத் திரும்பும். நம் உலகத்திலும் இப்படி உண்டு. 12 சந்திர மாதம் சேர்ந்தால் 354 நாள், சூரிய ஆண்டுக்கு 11 நாள் குறைவு. அந்தக் குறையை ஈடுகட்டக் கூடுதல் மாதம் சேர்க்காத ஹிஜ்ரி நாட்காட்டியில் ஒவ்வொரு மாதமும் ஏறக்குறைய 33 ஆண்டில் எல்லாப் பருவங்களையும் சுற்றி வந்துவிடுகிறது.

தவிர, தீவுக்காரர்கள் மழையையும் வெயிலையும் பார்த்து விழா எடுப்பவர்கள் இல்லை. அவர்களுக்குக் கடல் வற்ற வேண்டும், அவ்வளவுதான். பௌர்ணமியிலும் அமாவாசையிலும் கடல் வழக்கத்தைவிட அதிகம் ஏறும், அதிகம் வற்றும். இரண்டு நிலவும் சேர்ந்து இழுக்கும் நாளில் இரு தீவுகளுக்கும் நடுவே தரையே தெரிந்துவிடுகிறது. 105ஆம் நாள் இரண்டுக்கும் அமாவாசை. அன்றைக்கும் அந்த வழி திறக்கும், ஆனால் கும்மிருட்டு. அந்த இரவில் யார் நடக்கிறார்கள் என்பதை இரண்டாம் பாகத்துக்கு வைத்திருக்கிறேன், இப்போது கேட்காதீர்கள்.

உண்மையில் இந்த எண்களெல்லாம் பிறகு வந்தவை. முதலில் மனதில் விழுந்தது ஒரு அம்மாதான். மறுகரையில் கட்டிக்கொடுத்த மகளைப் பார்க்க, செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு சேற்றில் நடக்கிறாள். பாதி வழியில் மகளே எதிரே வருகிறாள், இடுப்பில் குழந்தையோடு. யார் வீட்டுக்குப் போவது என்று இருவரும் நின்று வாதாடிக்கொண்டிருக்கும்போதே கணுக்காலில் தண்ணீர் ஏறிவிடுகிறது.

அன்புடன்.